கிளியின் வாயை அடைத்த செவ்வாய்க்கிழமை

என் அன்புக்கும் பகிடிக்கும் உரிய கொன்சுவேலோ அக்கா,

முதலில் நல்ல செய்தி. அந்தக் கிளியின் வாயை அடைத்தாயிற்று. ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்தபடி என் கையைப் பிடித்து நீர் கேட்டது நடந்துவிட்டது. உம்முடைய நினைவுக் கூட்டத்தில் அது இரண்டொரு சொல்லுக்கு மேல் பேசவில்லை. எப்படி நடந்தது என்று சொல்லத்தான் இந்தக் கடிதம்.

உமக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாதே என்று என் மனிசி புஷ்பம் பக்கத்தில் நின்று நக்கலடிக்கிறாள். எனக்கும் ஏழாம் வகுப்புத் தமிழ்தான். செத்த ஆட்களுக்கு எல்லாப் பாஷையும் விளங்கும் என்று சொல்லிப் பார்த்தேன். "அப்ப இங்கிலீசிலை எழுதுங்கோவன், பாப்பம்" என்றாள். நான் தமிழிலேயே எழுதத் தொடங்கிவிட்டேன்.

இது எங்கள் முதியோர் சங்க மலரில் வருமாம். உம்மைத் தெரியாத சனங்களும் வாசிக்கும். ஆகவே உமக்குத் தெரிந்த கதையையே உமக்குத் திருப்பிச் சொல்லப்போகிறேன். கொட்டாவி விடாமல் கேளும்.

சிட்னியில், மெரிலேண்ட்ஸ் மண்டபத்தில் செவ்வாய்க்கிழமை காலையில் நாங்கள் கூடுகிறது. நடுவில் ஒரு மடக்குக் கதவு. இந்தப் பக்கம் தமிழ்க் கிழடுகள், தோசையும் தேவாரமும். அந்தப் பக்கம் ஸ்பானியக் கிழடுகள், கோப்பியும் டொமினோவும். கதவு பேருக்குத்தான் கதவு. அங்கே தும்மினால் இங்கே "நூறு வயசு" என்று சொல்லுவோம்.

ஒருநாள் நாங்கள் கண்ணை மூடித் தேவாரம் படிக்கிற நேரம், அந்தப் பக்கத்திலிருந்து ஒரு சத்தம். எண்ணெய் காணாத கிணற்றுக் கப்பி மாதிரி. யாரோ ஒரு சுருட்டுக் கிழவன் விளையாட்டில் தோற்றுச் சண்டை பிடிக்கிறான் என்று நினைத்தேன். கதவை விலக்கிக்கொண்டு போனால், முத்துத் தோடும் சிவப்பு உதட்டுச் சாயமுமாக ஒரு மெல்லிய மனிசி கதிரையில் இருக்கிறார்.

உமக்கும் எனக்கும் இடையில் ஓடினது அரை இங்கிலீசு. மற்ற அரை கையும் புருவமும். அதை என் தமிழில் எழுதுகிறேன், பிழையிருந்தால் கனவில் வந்து திருத்தும்.

"ஆரோ ஆம்பிளை இஞ்சை கத்துறார். கொஞ்சம் மெல்லக் கதைக்கச் சொல்லுங்கோ" என்றேன்.

"அந்த ஆம்பிளை நான்தான்" என்றீர்.

அன்றிலிருந்து நான் தேவாரம் படித்தது குறைவு. புஷ்பம் இரண்டு கிழமை பொறுத்தாள். மூன்றாம் கிழமை என்னோடு கூடவே கதவைத் தாண்டி வந்து, உம்மை மேலும் கீழும் பார்த்துவிட்டு எனக்குச் சட்டம் போட்டாள். "இஞ்சருங்கோ, அவ உங்களிலும் மூப்பு. அக்கா எண்டு கூப்பிடுங்கோ." அப்படித்தான் நீர் எனக்கு அக்காவானீர். என் விருப்பத்தை ஒருவரும் கேட்கவில்லை.

குசினி, மேசை, சப்பாத்து, துவாய், பாண். ஒவ்வொரு சொல்லாக நான் சொல்ல நீர் துள்ளினது நினைவிருக்கிறதா? "அது எங்கடை சொல்லு! எங்கை களவெடுத்தனீ?" என்றீர். "போர்த்துக்கீசன் எங்கடை ஊரிலை போட்டிட்டுப் போனது. உங்கடை பக்கத்து நாட்டுக்காரன்தானே, வேணுமெண்டால் அவனைக் கேளும்" என்றேன். அதோடு நாங்கள் சொந்தக்காரராகிவிட்டோம்.

நீர் நடிகை என்று முதலில் சொன்னது நீர் அல்ல. உங்கள் பக்கத்துத் தலைவர் அர்மாண்டோதான். கழுத்துப்பட்டி கட்டி, வாசனைத் தண்ணி பூசி, மண்டபத்து டிவி ரிமோட்டைப் பொலிஸ்காரன் பொல்லு மாதிரிச் சட்டைப் பையில் வைத்திருக்கிற மனிசன். "இவ எங்கடை நாட்டிலை பெரிய நடிகை. அந்தக் காலத்திலை இவவின்ரை குரல் தேன். சிகரெட் திண்டிட்டுது" என்று ஒவ்வொரு செவ்வாயும் சொல்லுவார். நீர் டொமினோவைப் பார்த்துக்கொண்டிருப்பீர். நீர் வாழ்நாளில் சிகரெட் தொட்டதில்லை என்பதை நான் பிறகுதான் அறிந்தேன்.

நானும் சினிமாக்காரன் என்று உம்மிடம் அளந்தேனே! யாழ்ப்பாணத்தில் ஒரு தியேட்டர் வாசலில் நின்று ரிக்கற் கிழித்தவன். பிந்தி வருகிற ஆட்களுக்காக வாசலிலேயே நிற்கவேண்டும். இடைவேளைக்குப் பிறகுதான் உள்ளே விடுவார்கள். அதனால் நூற்றுக்கணக்கான படத்தின் முடிவு எனக்குத் தெரியும், ஒன்றின் தொடக்கமும் தெரியாது. யார் யாரைக் கொன்றது என்று தெரியும், ஏன் கொன்றது என்று தெரியாது. அதைக் கேட்டுத்தான் நீர் முதல்முதலாக வாய்விட்டுச் சிரித்தீர். மடக்குக் கதவு அதிர்ந்தது.

பிறகு உம்முடைய தொடக்கத்தைச் சொன்னீர்.

துறைமுகத்தில் அப்பாவோடு மீன் கூவி விற்ற பெட்டை. படம் எடுக்க வந்தவர்கள் கூடையோடு நின்ற முகத்தைப் பார்த்துவிட்டு மட்ரிட்டுக்குக் கூட்டிக்கொண்டு போனார்கள். முகம் மாதா கோயில் சுரூபம். வாயைத் திறந்தால் மீன் சந்தை. டைரக்டர் காதைப் பொத்திக்கொண்டு, "முகம் போதும், குரலை நாங்கள் வாங்குவோம்" என்றாராம்.

அந்தக் காலத்தில் உங்கள் நாட்டில் அதுதான் வழக்கமாம். நடிக்கிறபோது சத்தத்தை எடுப்பதில்லை. எல்லாம் முடிந்தபிறகு ஒரு அறைக்குள் வேறு ஆட்கள் வந்து, உதட்டைப் பார்த்துப் பார்த்துப் பேசிவிட்டுப் போவார்கள். சில நாள் உம்மை "ஒண்டு, ரெண்டு, மூண்டு எண்டு சொல்லு, வாய் அசைஞ்சால் காணும்" என்றார்களாம். நீர் கன்னியாஸ்திரியாக நடித்த படத்தில் கடவுளுக்கு முன்னால் முழங்காலில் நின்று எண்ணிக்கொண்டிருந்தீர். தியேட்டரில் சனம் கண்ணீர் விட்டுதாம்.

பத்துப் பன்னிரண்டு படம். கன்னியாஸ்திரி, ராணியின் தோழி, காத்திருக்கிற மணப்பெண், நோயில் சாகிற தங்கச்சி. எல்லாவற்றிலும் உமக்குப் பதில் ஒரே ஒருத்தி பேசினாள். மெல்லிய, இனிப்பான குரல். நீர் வைத்த பெயர் கிளி.

அந்தக் கிளியை ஒருதரம் நேரில் கண்டதையும் சொன்னீர். ஸ்டூடியோ நடையில், ஒரு காலை இழுத்து இழுத்து நடக்கிற சின்ன மனிசி. பையிலிருந்து ஒரு இனிப்பை எடுத்து உம்மிடம் நீட்டினாளாம். "உன்ரை முகத்தைத் தா, என்ரை குரலைத் தாறன். ஒராளாவது முழுசாய் இருப்பம்" என்றாளாம். அந்த இனிப்பை வாங்கினீரா என்று கேட்டேன். "வாங்கித் திண்டன். நல்ல இனிப்பு. அதுதான் கோவம்" என்றீர்.

கோபத்துக்குக் காரணம் கடற்கரைப் படம். நீர் முதன்மையாக நடித்த ஒரே படம். மீன்பிடிக்கப் போன கணவன் கடலோடு போய்விட்டான். இன்னொருவன் உம்மை விரும்புகிறான், நீரும் அவனை. கடைசியில் அவன் கப்பலேறப் போகிறான். நீர் துறைமுகப் பாலத்தில் ஓடி வந்து, "போகாதே, நானும் வாறன்" என்கிறீர். அந்தப் படத்தில் ஒன்று இரண்டு எண்ணவில்லை. மீன் விற்ற அதே தொண்டையால் ஒவ்வொரு சொல்லையும் சொன்னீர். ஒருவரும் பதிவு செய்யாவிட்டாலும் சொன்னீர்.

படத்தைத் தணிக்கைக்காரர் பார்த்தார்கள். கணவனின் பிரேதம் கிடைக்கவில்லையே, அவள் எப்படி இன்னொருவனைக் காதலிக்கலாம்? வெட்டினால் படம் இல்லை. குரல் எப்படியும் பிறகுதானே போடுகிறது? சொல்லை மாற்றினார்கள். காதலன் தம்பியானான். உம்முடைய உதடு "போகாதே" என்கிறது. கிளி, "போய் வா, தம்பி. உனக்காகப் பிரார்த்தனை செய்வேன்" என்கிறது.

நான் அந்தப் படத்தை உம்முடைய வீட்டில் பார்த்தபோது சொன்னேனே, எந்த அக்காவும் தம்பியை அப்படிப் பார்க்கிறதில்லை என்று. குரலை மாற்றலாம், கண்ணை என்ன செய்கிறது?

அதற்குப் பிறகு, "இனி என்ரை குரலிலைதான் நடிப்பன்" என்று நீர் நின்றீர். அவர்கள் வேறு முகம் தேடினார்கள். நீர் வீட்டு வேலைக்குப் பெண்களை ஏற்றி வந்த பிளேனில் சிட்னிக்கு வந்தீர். படத்தில் தரையில் விழுந்து அழுத அதே முழங்காலால் பெரிய வீடுகளின் தரையைத் தேய்த்தீர். இந்த நாட்டின் வடக்கில் கரும்பு வெட்டிவிட்டு வந்த ஒரு நல்ல மனிசனைக் கட்டினீர், மகள் பிலாரைப் பெற்றீர், அவரையும் அடக்கம் செய்தீர். இதையெல்லாம் எனக்குச் சொல்ல உமக்கு ஒரு கோப்பிக்கு மேல் எடுக்கவில்லை. கிளியைப் பற்றிச் சொல்லத்தான் மாதக் கணக்கு.

உம்முடைய தொண்ணூறாவது பிறந்தநாளுக்கு ஒரு திட்டம் போட்டீர். மண்டபத்தில் அந்தக் கடைசிக் காட்சியைப் போடவேண்டும், சத்தத்தை நிறுத்தவேண்டும், நீர் எழுந்து நின்று உண்மையாகச் சொன்னதைச் சொல்லவேண்டும். காதலனுக்கு ஆள் வேண்டும். அந்த வேடத்துக்கு நான் தவிர வேறு யார்? இருந்த பல்லில் பாதி என்னுடையது அல்ல என்பது வேறு கதை.

வியாழக்கிழமைப் பின்நேரங்களில் உம்முடைய குசினியில் ஒத்திகை. மேசையில் சின்ன டிவி, சத்தமில்லாமல். புஷ்பம் தணிக்கை அதிகாரி, பிஸ்கட் தட்டோடு. பிலார் முதுகைக் காட்டிக்கொண்டு அடுப்படியில் கோப்பி போடுவாள்; அவளுக்கு இது பிறந்தநாள் பகிடி மட்டும்தான்.

எனக்குக் கிடைத்தது ஒரே ஒரு வசனம். "மே வோய்." நான் போகிறேன். என் வாயில் அது வராது. எங்கள் ஆட்கள் வீட்டை விட்டு வெளிக்கிடும்போது "போறன்" என்று சொல்லுவார்களா? "போட்டு வாறன்", அதாவது போய்த் திரும்பி வருகிறேன், என்று இழுத்தேன்.

"அவன் வரமாட்டான், செல்லா! அவன் போறான்! கப்பலிலை!" என்று பாய்ந்தீர்.

"வராட்டிலும் வாறன் எண்டுதான் சொல்லவேணும். அதுதான் மரியாதை."

"மரியாதையோ? நான் இஞ்சை நெஞ்சு வெடிச்சு நிக்கிறன், உனக்கு மரியாதையோ?"

புஷ்பம் பிஸ்கட் புரைக்கேறிச் சிரித்தாள். பிலாரின் முதுகும் குலுங்கினது. அவள் சத்தம் போட்டுச் சிரிக்கமாட்டாள். அறுபது வயதாகியும் குசுகுசுவென்றுதான் பேசுவாள். ஒரு ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை. குழாய்களோடு பேசத் தேவையில்லை என்று அந்த வேலையை எடுத்தவள் என்று நீரே சொன்னீர்.

பிறந்தநாளுக்கு முந்தின வாரம் உமக்கு மூச்சு முட்டியது. பரமட்டாவுக்குப் பக்கத்தில் உள்ள பெரிய ஆஸ்பத்திரிக்கு நானும் புஷ்பமும் பஸ்ஸில் வந்தோம். மூக்கில் குழாய், ஆனாலும் உதட்டுச் சாயம் பூசியிருந்தீர்.

"செல்லா, நான் போனால் அர்மாண்டோ படம் போடுவான். எல்லாரும் அழுவினம், என்ன குரல் எண்டு. எனக்காக ஒரு வேலை செய். நான் பேசாட்டிப் பரவாயில்லை. அவள் பேசக்கூடாது."

"பிலாருக்குச் சொன்னனீரோ?"

நீர் யன்னலைப் பார்த்தீர். "சின்னனிலை ஒருநாள் அந்தப் படத்தைப் பாத்திட்டு அழுதவள். அம்மாவின்ரை குரல் தனக்கு வரேல்லையாம். பள்ளிக்கூடத்திலை தன்னைத் தவளை எண்டு கூப்பிடினமாம். அப்ப சொல்லியிருக்கலாம், 'உனக்கு வந்ததுதான் என்ரை குரல்' எண்டு. ஆனால் எல்லாரும் என்னை அந்தத் தேன் குரலுக்காக மதிச்சினம். நானும் பேசாமல் இருந்திட்டன். இப்ப எப்பிடிச் சொல்ல?"

கிளி பேசாது என்று வாக்குக் கொடுத்தேன், ஒரு பகிடியும் விடவில்லை. அது எனக்கு எவ்வளவு கஷ்டம் என்று உமக்குத் தெரியும்.

நினைவுக் கூட்டம் செவ்வாய்க்கிழமைதான் வைத்தார்கள். மடக்குக் கதவை முழுக்க மடக்கிச் சுவரோடு தள்ளியிருந்தார்கள். முதல்தரம் அந்த மண்டபம் எவ்வளவு பெரியது என்று கண்டோம். உங்கள் ஆட்கள் கறுப்பில், எங்கள் ஆட்கள் வெள்ளையில். சதுரங்கப் பலகை மாதிரி இருந்தது.

பிலார் கடைசி வரிசையில் இருந்தாள். பேசச் சொன்னார்கள், தலையை ஆட்டி மறுத்துவிட்டாள். அர்மாண்டோ பேசினார். பேசினார். பேசிக்கொண்டேயிருந்தார். கடைசியில், "இப்ப கொன்சுவேலோவின்ரை தேன் குரலைக் கேப்பம்" என்று ரிமோட்டை உயர்த்தினார். கடைசிக் காட்சி. பாலம், கப்பல், நீர் ஓடி வருகிறீர். எவ்வளவு வடிவு! ஆனால் ரிமோட் அவருடைய கையில்.

நான் புஷ்பத்தைப் பார்த்தேன். அவளிடம் நான் ஒன்றும் சொல்லியிருக்கவில்லை. ஆனால் ஆஸ்பத்திரியில் கட்டிலுக்கு அந்தப் பக்கம் நின்றவள் அவள்தானே?

எழுந்தாள். வடைத் தட்டை எடுத்தாள். நேரே அர்மாண்டோவிடம் போனாள்.

"சாப்பிடுங்கோ அங்கிள்."

அவர் இவளிலும் மூன்று வயது இளமை. "பிறகு, பிறகு" என்றார்.

"சூடு ஆறிடும். பிடியுங்கோ." ஒரு கையில் வடைத் தட்டைத் திணித்தாள். மற்றக் கையில் தேத்தண்ணிக் கோப்பை. மனிசன் என்ன செய்வார்? ரிமோட் கதிரையில் இறங்கினது. சம்பலையும் தட்டில் ஊற்றிவிட்டு, இனி அசைந்தால் கழுத்துப்பட்டி நாசம் என்ற நிலையில் அவரை நிறுத்திவிட்டு, என்னைப் பார்த்து ஒரு கண்ணசைவு. இத்தனை வருஷக் கலியாணத்தில் எனக்கு அவள் கண்ணடித்தது அதுதான் முதல்தரம், அக்கா. அதற்கும் நீர்தான் காரணம்.

கிளி வாயைத் திறந்து ஏதோ இரண்டு சொல் சொன்னது. நான் ரிமோட்டை எடுத்துச் சத்தத்தை அமத்தினேன்.

திரையில் காதலன் திரும்புகிறான். வாய் அசையப்போகிறது. எனக்கு என்ன செய்கிறது என்று தெரியவில்லை. சத்தத்தை நிறுத்தத்தான் நான் வாக்குக் கொடுத்தது. ஆனால் அத்தனை வியாழக்கிழமை! கால் தானாக எழும்பினது. "மே வோய்" என்றேன். போட்டு வாறன் அல்ல. நீர் கேட்டபடி, போறன் என்றே சொன்னேன். என் குரல் நடுங்கினது நடிப்பு என்று எழுதிக்கொள்ளும்.

திரையில் நீர் வாயைத் திறந்தீர்.

கடைசி வரிசையிலிருந்து வந்தது: "நோ தே வாயாஸ்."

போகாதே. எண்ணெய் காணாத கிணற்றுக் கப்பி. சரியாக உம்முடைய உதட்டின் மேல் வந்து இருந்தது. அடுத்த வசனமும், அதற்கடுத்ததும். கறுப்பும் வெள்ளையும் எல்லாம் ஒன்றாகத் திரும்பிப் பார்த்தன. நீர்தான் எழும்பி வந்துவிட்டீர் என்று எங்கள் பக்கத்தில் ஒரு மனிசி நெற்றியில் கைவைத்துக் கும்பிட்டுவிட்டாள். பிலார் நின்றுகொண்டிருந்தாள். தான் எப்போது எழும்பினாள் என்று அவளுக்கே தெரியாது. முதுகைக் காட்டிக்கொண்டு கோப்பி போட்டவள் ஒரு சொல் விடாமல் பிடித்து வைத்திருக்கிறாள், அக்கா.

கப்பல் போய்விட்டது. படம் முடிந்தது. அர்மாண்டோ, இரண்டு கையும் நிறைய, "சத்தம் போயிட்டுது, சத்தம் போயிட்டுது" என்று அந்தரப்பட்டார்.

"இல்லை ஐயா. சத்தம் இப்பத்தான் வந்தது" என்றேன்.

பிறகு வாசலில் நின்று பிலார் என்னிடம் கேட்டாள், "என்ரை சொல்லு அம்மாவின்ரை உதட்டிலை அப்பிடியே பொருந்திச்சுது. அப்ப படத்திலை இருக்கிற குரல் ஆரின்ரை?" எல்லாவற்றையும் சொன்னேன். மீன் கூடையையும் இனிப்பையும் சொன்னேன். தவளைக் கதைக்கு நீர் யன்னலைப் பார்த்ததையும் சொன்னேன். கோபிப்பாள் என்று நினைத்தேன். கொஞ்ச நேரம் அழுதாள். பிறகு, "தொண்ணூறு வயசு வரைக்கும் ஒளிச்சு வைச்சிருக்கிறா, கள்ளி" என்று சிரித்தாள். வாய்விட்டு. மரத்திலிருந்த கிளிகள் எல்லாம் ஒரேயடியாய் எழும்பிப் பறந்தன. இது நான் அலங்காரத்துக்கு எழுதவில்லை. மெரிலேண்ட்ஸில் பின்நேரம் மரம் நிறையக் கிளிதான், சந்தேகமென்றால் வந்து பாரும்.

இப்போதைய செய்தி: பிலார் செவ்வாய்க்கிழமைகளில் லீவு எடுத்துக்கொண்டு உம்முடைய கதிரையில் இருந்து டொமினோ விளையாடுகிறாள். தோற்றால் உம்மைப்போலவே சண்டை. போன கிழமை தேவாரத்தின் நடுவில் புஷ்பம் என் விலாவில் இடித்தாள். "இஞ்சருங்கோ, ஆரோ ஆம்பிளை அங்கை கத்துறார். போய் என்னெண்டு பாருங்கோ."

போனேன். போகச் சொன்னது அவளல்லவா?

அர்மாண்டோவுக்கு ரிமோட்டை இன்னும் திருப்பிக் கொடுக்கவில்லை. மனிசன் பாவம், நாற்பது வருஷம் ஒரு முகத்தையும் இன்னொருத்தியின் குரலையும் சேர்த்துக் காதலித்திருக்கிறார். வடைக்கு மட்டும் ஒழுங்காக வருகிறார்.

ஒரு வாக்குத் தருகிறேன். உம்முடைய மற்றப் படங்களைப் பிலார் தேடி எடுப்பிக்கிறாள். மாதத்துக்கு ஒன்று, மடக்குக் கதவைத் திறந்துவிட்டு, சத்தத்தை நிறுத்திவிட்டு, அவள் உமக்காகப் பேசுவாள். நீர் எண்ணின இடத்தில் ஒன்று, இரண்டு, மூன்று என்றே சொல்லுவாள். கன்னியாஸ்திரி படத்தில் சனம் எப்படி அழுகிறது என்று பார்ப்போம். காதலன், பாதிரியார், ராஜா, குதிரை எல்லாம் நான். முடிவில் அந்தக் கால் இழுத்த மனிசியின் பெயரைக் கண்டுபிடித்து அவளுக்கும் கை தட்டுவோம். இனிப்புத் தந்தவள்தானே.

இன்னொன்று. உம்மையும் நான் இடைவேளைக்குப் பிறகுதான் பார்த்தேன். வாசற்காரன் விதி. ஆனால் இனிமேல் வாசலில் நிற்கமாட்டேன். ஒவ்வொரு படத்துக்கும் எழுத்து ஓடுகிறதுக்கு முன்னமே போய் முன்வரிசையில் இருப்பேன். உம்முடைய பெயர் வருகிறபோது விசில் அடிப்பேன். புஷ்பம் அனுமதி தந்துவிட்டாள், ஒரு விசிலுக்கு மட்டும்.

போட்டு வாறன்.

இப்படிக்கு,
தணிக்கைக்காரியின் உத்தரவுப்படி
உம்முடைய தம்பி,
செல்லத்துரை